இரும்புப் பூதம் யாரை அடிக்கும்?

மயிலாப்பூரில் கபாலீஸ்வரர் கோயில் பங்குனிப் பெருவிழாவுக்கு முன்னால் கோலவிழி அம்மன் கோயிலில் கிராம தேவதை பூஜை நடக்கும். ஊரைக் காக்கும் அம்மனிடம் சொல்லிவிட்டுத்தான் ஊர்த் திருவிழா. மாட வீதிகளைச் சுற்றியுள்ள அடுக்குமாடி வீடுகளில் கோடை விடுமுறையில் பிள்ளைகள் கணினியிலும் டேப்லெட்டிலும் கட்டியெழுப்பும் ஊர்களுக்கும் காவல் உண்டு. நீண்ட கைகளைத் தொங்கவிட்டுக்கொண்டு, உடம்பில் கொடி படர, தளர்ந்த நடையில் சுற்றிவரும் ஓர் இரும்பு உருவம். மைன்கிராஃப்ட் என்ற கட்டை விளையாட்டில் அதன் பெயர் அயர்ன் கோலெம். நாம் இரும்புப் பூதம் என்றே சொல்லலாம். பூதம் காவல் காப்பது தமிழுக்குப் புதிதல்ல.

விளையாட்டைப் பற்றி இரண்டு வரி. ஸ்வீடன்காரர் மார்கஸ் பெர்சன் 2009இல் வெளியிட்டது. முழுப் பதிப்பு 2011 நவம்பரில் வந்தது. 2014இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலர் கொடுத்து அதை உருவாக்கிய நிறுவனத்தையே வாங்கியது. 2023இல் 30 கோடிப் பிரதிகள் விற்றுவிட்டதாக அறிவித்தார்கள். உலகம் முழுவதும் ஒரு மீட்டர் கனசதுரக் கட்டைகள். வெட்டலாம், அடுக்கலாம். இரவானால் பேய் பிசாசு வரும். அவ்வளவுதான் கதை. இந்த உலகில் திரியும் உயிர்களில் பெரும்பாலானவை இரண்டே சாதி: கண்டதும் அடிப்பவை, அடித்தாலும் திருப்பி அடிக்காமல் ஓடுபவை. இரும்புப் பூதம் போன்ற சில மட்டும் ஆளைப் பார்த்து நடந்துகொள்கின்றன. பெரியவர்கள் உட்கார்ந்து கவனிக்கத் தகுந்த பகுதி இதுதான் என்பது என் கட்சி.

இரும்புப் பூதம் 2012 மார்ச்சில் விளையாட்டுக்குள் வந்தது. உயரம் 2.7 கட்டை, அகலம் 1.4 கட்டை. உயிர்ப்புள்ளிகள் 100, விளையாடுபவருக்கு 20 மட்டுமே. சாதாரணக் கடினநிலையில் அதன் ஓர் அடி ஏழரைப் புள்ளிக்குக் குறையாது, இருபதையும் தாண்டலாம். இரண்டு கைகளையும் உயர்த்தி அடிக்கும்போது அடிபட்டவன் வானத்தில் பறப்பான். கவசம் இல்லாதவன் மூன்று அடிக்கு மேல் தாங்க மாட்டான். உயரத்திலிருந்து விழுந்தாலும் இதற்கு வலிக்காது, தண்ணீரில் மூழ்கினாலும் சாகாது. அடிபட அடிபட உடம்பில் விரிசல் விழும். கையில் இரும்புக்கட்டியோடு போய்த் தொட்டால் 25 புள்ளி கூடி விரிசல் அடைபடும். வேலை இல்லாத நேரத்தில் ஒரு சிவப்புப் பூவைக் கையில் ஏந்தி ஊர்க் குழந்தைகளிடம் நீட்டிக்கொண்டு நிற்கும். ஜப்பானிய இயக்குநர் மியாசாகியின் 1986ஆம் ஆண்டுப் படத்தில் வரும் ரோபோவுக்கு இது மரியாதை என்பார்கள்.

சரி, இது யாரை அடிக்கும்? பேய்களையும் எலும்புக்கூடுகளையும் பார்த்த மாத்திரத்தில் அடிக்கும். ஆனால் கிரீப்பர் என்ற பச்சை உருவத்தை மட்டும் தொடாது. கிரீப்பர் வெடிக்கும் சாதி. அதை வம்புக்கு இழுத்தால் ஊரே பள்ளமாகிவிடும். காவல்காரனுக்கு எதில் தலையிடக் கூடாது என்றும் சொல்லிவைத்திருக்கிறார்கள்.

மனிதர்கள் விஷயத்தில்தான் சுவாரசியம். நீங்கள் பூதத்தை நேரடியாக அடித்தால் அது திருப்பி அடிக்கும், அதில் ஆச்சரியமில்லை. விளையாட்டே இயக்கும் ஊர்க்காரர்களை நீங்கள் துன்புறுத்தினால் என்ன ஆகும் என்பது 2019 ஏப்ரலில் வந்த 1.14 பதிப்பிலிருந்து ஒரு பேரேட்டுக் கணக்கு. கணினியில் ஓடும் ஜாவா பதிப்பின் கணக்கைச் சொல்கிறேன். டேப்லெட்டிலும் செல்பேசியிலும் ஓடும் பெட்ராக் பதிப்பில் விதி கொஞ்சம் வேறு.

ஒவ்வொரு ஊர்க்காரரும் உங்களைப் பற்றித் தனித்தனியாக ஒரு கணக்கு வைத்திருக்கிறார். ஒருவரை நீங்கள் ஒருமுறை அடித்தால் அவர் கணக்கில் 25 குறையும். ஒருவரைக் கொன்றுவிட்டால், அதைக் கண்ணால் பார்த்த ஒவ்வொருவர் கணக்கிலும் 125 குறையும். பூதம் தன் பக்கத்தில் நிற்கும் ஊர்க்காரர்களின் கணக்கைப் புரட்டிக்கொண்டே இருக்கிறது. அவர்களில் யாராவது ஒருவரிடம் உங்கள் கணக்கு கழித்தல் 100 அல்லது அதற்கும் கீழே இருந்தால் உங்கள் மேல் பாயும். பஞ்சாயத்து கூட வேண்டியதில்லை, ஒருவர் போதும். ஆக, ஒரே ஒரு அடிக்கு பூதம் அசையாது. அதே ஆளை நான்கு முறை அடித்தால் அசையும்.

அதோடு நிற்கவில்லை. ஊர்க்காரர்கள் சந்திக்கும்போது பேசிக்கொள்கிறார்கள். உங்கள் கதை ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குப் போகிறது, போகும்போது கொஞ்சம் தேய்கிறது. கொலையைக் கண்ணால் பார்த்தவர் கணக்கில் கழித்தல் 125. அவர் சொல்லக் கேட்டவர் கணக்கில் கழித்தல் 75தான். பூதத்தை எழுப்ப அது போதாது. ஒரே ஒரு குற்றத்துக்கு நேர்சாட்சி இருந்தால் தண்டனை, கேள்விப்பட்ட சாட்சி மட்டும் என்றால் இல்லை. நிரலை எழுதியவர் சட்டம் படித்தவரோ என்று சந்தேகம் வருகிறது. நாளாக ஆகக் கோபமும் ஆறுகிறது. ஒரு விளையாட்டு நாள் என்பது நம் கடிகாரத்தில் 20 நிமிடம். அது கடந்தால் பார்த்தவர் கணக்கும் 75க்கு இறங்கிவிடும். பூதம் உங்களை விட்டுவிடும்.

நல்லதுக்கும் கணக்கு உண்டு. பேயாக மாறிப்போன ஊர்க்காரரை, பலவீன மருந்தைத் தெளித்துத் தங்க ஆப்பிளைக் கொடுத்து மனிதராக்கினால், அவர் உங்களுக்கு 100 புள்ளி நன்றி எழுதிவைக்கிறார். அது தேய்வதே இல்லை. ஆனால் அந்தப் பெரிய நன்றி ஒருவர் வாயிலிருந்து இன்னொருவருக்குப் போகாது. கைமாறும்போது முழுவதும் கழிந்துபோகும்படிதான் எண்ணை வைத்திருக்கிறார்கள். கெட்ட பெயர் பரவும், செய்த பேருதவி பரவாது. விளையாட்டு என்று சொல்லிக்கொள்கிறார்கள்.

சிலப்பதிகாரத்தின் புகார் நகரத்தில் சதுக்கப் பூதம் ஒன்று வரும். பொய்ச்சாட்சி சொல்பவர், பிறன்மனை விழைபவர், போலித் துறவி, நம்பிக்கைத் துரோகம் செய்யும் அமைச்சர் என்று ஒரு பட்டியல் வைத்துக்கொண்டு, அவர்களைப் பாசக்கயிற்றில் கட்டி அடித்துத் தின்னும். அந்தப் பட்டியலில் புறங்கூறுபவர்களும் உண்டு. மைன்கிராஃப்ட் பூதமோ புறங்கூறுபவர்களை நம்பித்தான் பிழைப்பு நடத்துகிறது! ஒன்று மட்டும் இரண்டுக்கும் பொது: யாரைப் பிடிக்கும் என்பது முன்கூட்டியே தெரிந்த விதி, பூதத்தின் அன்றைய மனநிலை அல்ல. உள்ளே இருப்பது வினாடிக்குப் பலமுறை ஓடும் நிபந்தனை வரிசை. முதல் நிபந்தனை பொருந்துகிறதா? இல்லையென்றால் அடுத்தது. எதுவுமே பொருந்தாதபோது சும்மா நடை, இல்லையென்றால் பூ.

ஊர்க்காரர்கள் நிம்மதியாக உறங்கி எழுந்து, ஐந்து பேர் கூடிப் பேசி, பக்கத்தில் பூதம் இல்லை என்று கண்டால் புதிதாக ஒன்று தோன்றும். பயந்துபோயிருந்தால் மூன்று பேரே போதும். இந்த விதியைப் பிள்ளைகள் கண்டுபிடித்த கையோடு அதில் ஒரு தொழிற்சாலையும் கட்டிவிட்டார்கள். மூன்று ஊர்க்காரர்களை ஒரு கூண்டில் வைத்து, எதிரே ஒரு பேயை நிறுத்தி மிரட்டினால் பூதம் தோன்றும். தோன்றிய இடத்தில் ஓடும் தண்ணீர் அதைத் தள்ளிக்கொண்டுபோய் எரிமலைக் குழம்பில் போடும். மிச்சமாகும் இரும்புக்கட்டிகள் பெட்டியில் சேரும். ஒரு பூதத்துக்கு மூன்றிலிருந்து ஐந்து கட்டி. அயர்ன் ஃபார்ம் என்று பெயர். காவல் தெய்வத்தைப் பயத்தால் வரவழைத்து உருக்கி விற்கும் ஆலை. பொறியியலாக மெச்சத்தான் வேண்டும். ஆனாலும் எனக்கு அதைப் பார்க்கக் கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது.

நீங்களே செய்த பூதத்தின் குணம் வேறு. ஜாவா பதிப்பில் அதை நீங்கள் அடித்தாலும் அது உங்களைத் திருப்பி அடிக்காது. செய்வதற்கு நான்கு இரும்புக் கட்டைகள், அதாவது 36 இரும்புக்கட்டிகள் வேண்டும். கீழே ஒன்று, அதன் மேல் ஒன்று, மேலதன் இருபுறமும் கைகளாக ஒவ்வொன்று. தலைக்கு முகம் செதுக்கிய பூசணி. தி.நகரில் கட்டி முடியாத கட்டடங்களின் முன் மீசை வரைந்த திருஷ்டிப் பூசணி தொங்குவதைப் பார்த்து வளர்ந்த பிள்ளைக்கு இதை விளக்கவே வேண்டாம். பனிக்கட்டை இரண்டை அடுக்கிப் பூசணி வைத்தால் பனிப் பூதம். பனியுருண்டையை வீசும், பெரும்பாலான எதிரிகளுக்கு அதனால் காயமில்லை, திசைதிரும்புவதோடு சரி. மழையில் கரையும், பாலைவனத்தில் உருகும். சென்னை மே மாதத்துக்கு ஆகாது.

கடலடியில் இருப்பவை இன்னொரு ரகம். 2014இல் வந்த கார்டியன், ஒற்றைக் கண்ணும் உடம்பெல்லாம் முள்ளுமாக ஒரு மீன். பாழடைந்த கடற்கோட்டையைக் காக்கிறது. உள்ளே எட்டுத் தங்கக் கட்டைகள். இதற்கு உங்கள் நற்பெயர், கெட்ட பெயர் எதுவும் தெரியாது. கண்டால் குறி வைக்கும். ஆனால் உடனே சுடாது. கண்ணிலிருந்து ஓர் ஒளிக்கற்றை உங்கள் மேல் படியும், ஊதா நிறம் மெல்ல மஞ்சளாகும். நான்கு வினாடி கழித்துத்தான் காயம். அதற்குள் ஒரு தூணுக்குப் பின்னால் போய்விட்டால் தப்பித்தீர்கள். மூன்று கட்டைத் தூரத்துக்குள் நெருங்கிவிட்டால் அது சுடுவதை விட்டு விலகி நீந்தும். ஆனால் முள் விரித்து நிற்கையில் அடித்தால் உங்களுக்கே வலிக்கும். கோட்டைக்கு மூன்று கிழக் கார்டியன்கள். நிமிடத்துக்கு ஒருமுறை 50 கட்டைத் தொலைவுக்குள் ஆள் இருந்தால், திரை முழுக்கத் தன் பேயுருவைக் காட்டி, கட்டையை உடைக்கும் வேகத்தை ஐந்து நிமிடத்துக்கு முடக்கிவிடும். பால் குடித்தால் தீரும், அடுத்த நிமிடம் மறுபடி வரும். இந்த முடக்கத்தின் நோக்கம் கொல்வதில்லை. சுவரைப் பெயர்க்க விடாமல் தடுப்பதுதான்.

2022இல் வந்த வார்டன் என்ற காவல் உயிருக்குக் கண்ணே இல்லை. 500 உயிர்ப்புள்ளி. அதிர்வையும் வாசனையையும் வைத்து ஆளைத் தேடும். கம்பளி விரித்து நடந்தால், குனிந்து மெதுவாக நகர்ந்தால் கேட்காது. தூரத்தில் ஒரு பனியுருண்டையை எறிந்தால் அந்தப் பக்கம் போகும். சண்டை போடுகிறேன் என்று இதனிடம் போகிறவன் புதியவன். தெரிந்தவன் காலணிச் சத்தத்தைக் கணக்குப் பார்ப்பான்.

இதையெல்லாம் எந்தப் புத்தகத்தையும் படிக்காமல், செத்துச் செத்துப் பிழைத்தே பிள்ளைகள் கற்றுக்கொள்கிறார்கள். அடையாறிலோ மந்தைவெளியிலோ உங்கள் வீட்டுப் பேரன் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால், பூதம் ஏன் அவனை அடித்தது என்று ஒருமுறை கேளுங்கள். விதியை அவன் சொல்லும் ஒழுங்கைப் பார்த்து அவனுடைய பள்ளிக்கூட விடைத்தாளை மறந்துவிடுவீர்கள். ஜாவா பதிப்பின் மொழிப் பட்டியலில் தமிழும் இருக்கிறது; தன்னார்வலர்கள் மொழிபெயர்த்தது. நீங்களே ஒரு பூதம் செய்து பார்க்க ஆசைப்பட்டால் ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள்: நான்கு இரும்புக் கட்டைகளையும் வைத்த பிறகு பூசணியைக் கடைசியாக வைக்க வேண்டும். முதலிலேயே வைத்தால் அது எழுந்து நடக்காது.