பிள்ளை கையில் போன்



2020இல் கொரோனாவால் பாடசாலைகள் மூடப்பட்டன. பாடம் போனுக்கு வந்தது. 2021இல் நமது ஊவாவின் போஹிட்டியாவ கிராமத்துப் பிள்ளைகள் சிக்னல் தேடி, காட்டுவழியே போய்ப் பாறையில் ஏறிப் படித்தார்கள். அன்று படிப்புக்கு வாங்கிய போனில் இன்று பிள்ளை என்ன பார்க்கிறது? நாம் கொழுந்தெடுக்க மலைக்குப் போனபிறகு லயத்தில் கவனிக்க யார் இருக்கிறார்கள்?

பறித்து வைத்தால் ஒளித்துப் பார்ப்பார்கள். ஆகவே நாங்கள் சொல்வது இதுதான்:

பக்கத்தில் உட்கார்ந்து, "என்னம்மா பார்க்கிறே?" என்று கேளுங்கள். நமக்கு விளங்காவிட்டால் பிள்ளையே சொல்லித் தரட்டும், வெட்கம் வேண்டாம். பேஸ்புக், டிக்டொக் 13 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு அல்ல. இரவில் போன் உங்களிடம் இருக்கட்டும்.

யாராவது படம் கேட்டு மிரட்டினால் பிள்ளையை அடிக்காதீர்கள். அடித்தால் அடுத்தமுறை வாய் திறக்காது. வந்த செய்தியை அழிக்காமல், தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 இலக்கத்துக்கு அழையுங்கள்.