பெட்டி போய் சாவி வந்த பிறகு

திரைப்பட வணிகத்தில் 'டி.டி. ஏரியா' எனப்படும் திருச்சி-தஞ்சாவூர் விநியோகப் பகுதிக்குள் அடங்குபவை பெரம்பலூரும் அரியலூரும். பிலிம் காலத்தில் பிரிண்டுகள் குறைவாகவே போடப்பட்டதால், அவை பெருநகரங்களில் ஓடி முடிந்து, சிற்றூர்களுக்கு நகர்ந்து, கடைசியில்தான் கீற்றுக் கொட்டகைகளான டூரிங் டாக்கீஸ்களை அடைந்தன. தகரப் பெட்டியில் வந்து இறங்கும்போது அந்தச் சுருள் பல புரொஜக்டர்களின் பற்சக்கரங்களில் இழுபட்டிருக்கும். அறுந்த இடங்களை ஆபரேட்டர்கள் வெட்டி ஒட்டியதில் சில காட்சிகள் துண்டாகியிருக்கும். திரையில் மழை பெய்வதுபோல் கோடுகள் விழும்.

படம் சிற்றூர்களை அடைவதில் இருந்த இந்தத் தாமதமே திருட்டுப் பிரதிக்கு வழிவிட்டது எனலாம். 1980களில் வீடியோ கேசட்டும், பின்னர் உள்ளூர் கேபிளும், அதன் பின் விசிடியும் புதுப் படத்தை வீட்டுக்கே கொண்டுவந்தன. கியூப், யுஎஃப்ஓ போன்ற டிஜிட்டல் திரையிடல் முறைகள் பரவியபின், சென்னையில் வெளியாகும் வெள்ளிக்கிழமையே அரியலூர் மாவட்டத்து ஜெயங்கொண்டத்திலும் படம் வெளியாக முடிந்தது. இப்போது வருவது பெட்டியன்று. பூட்டிய கோப்பும், குறிப்பிட்ட நாள்வரை மட்டும் அதைத் திறக்கும் மின்னணுச் சாவியும். எந்த அரங்கில், எந்த நேரத்தில் ஓடியது என்பதைக் காட்டும் கண்ணுக்குப் புலப்படாத அடையாளமும் பிம்பத்தில் பதிந்திருப்பதால், கேமராவில் திருடிய பிரதி எங்கிருந்து கசிந்தது என்று கண்டுபிடிக்கலாம். 2023ஆம் ஆண்டின் ஒளிப்பதிவுத் திருத்தச் சட்டம் இக்குற்றத்துக்கு 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 3 லட்சம் ரூபாய்க்குக் குறையாத அபராதமும் விதிக்கிறது.

ஆனால் இவையெல்லாம் படத்தின் வசூலைக் காப்பவை. படத்தைக் காப்பவை அல்ல. நடராஜ முதலியாரின் மௌனப் படமான 'கீசக வத'மும், 1931இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸு'ம் இன்று பார்க்கக் கிடைக்காமல் போனதற்குக் காரணம் திருட்டன்று. எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் பிலிமைப் பாதுகாப்பதில் அன்று எவரும் அக்கறை காட்டவில்லை. ஓடி முடிந்த சுருள்கள் அவற்றிலுள்ள வெள்ளிக்காக உருக்கப்பட்டதும் உண்டு. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் தொடங்கியதே 1964இல்தான். (கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முந்தைய கடல் உயிரிகளின் புதைபடிவங்களுக்கு அரியலூர் மாவட்டத்து வாரணவாசியில் அருங்காட்சியகம் உண்டு, தமிழ்ப் படச் சுருள்களுக்கெனத் தமிழகத்தில் அரசுக் காப்பகம் இல்லை.)

2020இல் 'பொன்மகள் வந்தாள்' திரையரங்கைத் தொடாமலே இணையத்தில் வெளியானபோது, படம் இனி என்றும் கைக்கெட்டும் என்ற எண்ணம் பரவியது. ஆனால் ஓடிடி தளம் வாங்குவது பெரும்பாலும் குறிப்பிட்ட காலத்துக்கான உரிமத்தை மட்டுமே. அது முடிந்தால் படம் பட்டியலிலிருந்து இறங்கிவிடும். யூடியூபில் பழைய படங்கள் பலவும் தொலைக்காட்சி முத்திரையோடும் விசிடி மங்கலோடும் கிடைக்கின்றன என்பதையும், அவற்றுள் சில உரிமையற்றவர் ஏற்றியவை என்பதையும் மறைத்துப் பயனில்லை.

மூலச் சுருளைக் காத்தால் படம் மீளும் என்பதற்கு அயல்நாட்டுச் சான்று ஒன்று உண்டு. இந்தோனேசியாவில் மிஸ்பாக் யூசா பீரான் 1975இல் தொடங்கிய சினிமாடெக் காப்பகம் மூல நெகட்டிவைப் பாதுகாத்ததால்தான், உஸ்மார் இஸ்மாயிலின் 1954ஆம் ஆண்டுப் படம் 'லெவாட் ஜாம் மாலாம்' புதுப்பிக்கப்பட்டு 2012இல் கான் விழாவில் திரையிடப்பட்டது. அதே ஆண்டில் புதுப்பொலிவுடன் மீண்டும் வெளியான பழைய தமிழ்ப் படம் 'கர்ணன்' நல்ல வசூல் கண்டது உண்மைதான். எனினும் தமிழில் 'நெகட்டிவ் உரிமை' என்பது தாளில் கைமாறிக்கொண்டே இருக்க, நெகட்டிவ் அடங்கிய தகர டப்பா லேபிலேயே கிடந்து, பிலிம் புளித்த நெடியடிக்கும் அளவுக்குச் சிதையும் நிலை பல படங்களுக்கு நேர்ந்திருக்கிறது. உரிமையை வாங்கியவர் டப்பாவைத் திறந்து பார்த்தாக வேண்டும் என்று எந்த ஒப்பந்தமும் கட்டாயப்படுத்துவதில்லை.