வளைவில் சாயும் வண்டி

சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டை ரேஸ் ட்ராக்கில் ஒரு பைக் வளைவுக்குள் நுழைவதை உற்றுப் பாருங்கள். அதுவரை டேங்கோடு ஒட்டிப் படுத்திருந்த ரேஸர் சட்டென்று நிமிர்கிறார். எதிர்க்காற்றும் பிரேக்கும் சேர்ந்து வேகத்தைப் பிடிக்கின்றன. கியர்கள் மளமளவென்று இறங்குகின்றன. இடுப்பு சீட்டை விட்டு உள்பக்கம் நழுவ, வண்டி படுக்கிறது. முழங்காலில் பொருத்திய பிளாஸ்டிக் கட்டை தரையை உரசுகிறது. எல்லாம் சில விநாடிகளில் முடிந்துவிடுகிறது.

ஏன் சாய வேண்டும்? நிமிர்ந்தபடியே வேகமாகத் திரும்பினால் வண்டி வெளிப்பக்கம் கவிழும். உள்ளே சாய்த்தால் அதன் எடையே அந்தக் கவிழ்ப்பை ஈடுகட்டும். 50 மீட்டர் ஆரமுள்ள வளைவை மணிக்கு 80 கி.மீ. வேகத்தில் எடுக்கச் சுமார் 45 டிகிரி சாய வேண்டும், 90 கி.மீ. என்றால் சுமார் 52 டிகிரி. ரேஸர் தன் உடம்பை உள்ளே இறக்கினால், அதே வேகத்துக்கு வண்டி கொஞ்சம் குறைவாகச் சாய்ந்தால் போதும்.

சாய்ப்பதிலும் ஒரு சூட்சுமம் உண்டு. இடப்பக்கம் திரும்ப, இடது கைப்பிடியை முன்னால் தள்ள வேண்டும். சக்கரம் கணநேரம் வலப்பக்கம் திரும்பியதும் வண்டி இடப்பக்கம் சாயும். தி.நகரில் பைக் ஓட்டுபவரும் இதைத் தம்மையறியாமல் செய்கிறார். ரேஸர் அறிந்து, அளந்து செய்கிறார்.

இத்தனையையும் தாங்குவது டயர் தரையைத் தொடும் உள்ளங்கையளவு இடம்தான். 45 டிகிரி சாய்வில், வண்டியும் ஆளும் சேர்ந்த எடைக்குச் சமமான விசையை அது பக்கவாட்டில் தாங்கியாக வேண்டும். அதற்காகவே ரேஸ் டயரின் ரப்பர் மென்மையாக இருக்கும். பெரிய போட்டிகளில் மின்போர்வை சுற்றி டயரைச் சூடாக்கிய பிறகே ட்ராக்கில் இறக்குவார்கள். வளைவின் நடுவில் பிரேக்கையோ ஆக்ஸிலரேட்டரையோ அதிகப்படுத்தினால் பிடிமானம் போய்விடும்.

இங்கிலாந்து, போலந்து, ஸ்வீடன் நாடுகளில் பிரபலமான ஸ்பீட்வே பந்தயம் இதற்கு நேர் எதிர். அதில் பிடிமானத்தை வேண்டுமென்றே உடைப்பார்கள். 500 சிசி, ஒற்றை சிலிண்டர், மெத்தனால் எரிபொருள், பிரேக்கே கிடையாது. மண் தடத்தில் நான்கு பேர் இடஞ்சுழியாக நான்கு சுற்று ஓட்டுவார்கள். பின்சக்கரத்தைச் சறுக்கவிட்டு, ஹேண்டில்பாரை வலப்பக்கம் திருப்பியே இடப்பக்க வளைவை எடுப்பார்கள். இரும்பு அடி வைத்த இடது காலணி தரையில் இழுபடும். போலந்தின் பார்தோஷ் ஸ்மார்ஸ்லிக் இதில் பலமுறை உலக சாம்பியன். இருங்காட்டுக்கோட்டை ரேஸர் பிடிமானத்தைக் காக்கிறார், ஸ்பீட்வே ரேஸர் அளந்து இழக்கிறார். பிடிமானம் எங்கே முடிகிறது என்பதை உடம்பால் அறிவதே இருவருக்கும் தொழில்.

சென்னைக்கு இந்தத் தொழிலில் நீண்ட மரபு உண்டு. மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் 1953-ல் தொடங்கப்பட்டது. இரண்டாம் உலகப்போர்க் கால விமான ஓடுதளமான சோழவரத்தில் பல்லாண்டுகள் பந்தயம் நடந்தது. 1990-ல் இருங்காட்டுக்கோட்டையில் சுமார் 3.7 கி.மீ. நீளமும் 12 வளைவுகளும் கொண்ட ட்ராக் திறக்கப்பட்டது. சென்னையின் சரத்குமார் 2011-ல் 125 சிசி உலக சாம்பியன்ஷிப் வரை போனார். ஜெகன் குமார் பலமுறை தேசிய சாம்பியன் ஆனார். ராஜீவ் சேது ஆசியப் பந்தயங்களில் ஓட்டினார்.

ட்ராக்கிலும் ஆபத்து உண்டு. 2023 ஆகஸ்டில் இருங்காட்டுக்கோட்டையில் 13 வயது பெங்களூர் வீரர் ஒருவர் விபத்தில் உயிரிழந்தார். கவச உடை, விழுந்தால் உருண்டு நிற்கத் திறந்த வெளி, கொடி காட்டும் மார்ஷல்கள், காத்திருக்கும் ஆம்புலன்ஸ் என்று இத்தனை ஏற்பாடு இருந்தும் இந்த நிலை. இவற்றில் ஒன்றுகூட இல்லாத காமராஜர் சாலையிலும் ஈ.சி.ஆரிலும் நள்ளிரவில் பிள்ளைகள் ரேஸ் விடுவதை நினைத்தால் நெஞ்சு பதறுகிறது. கடற்காற்று கொண்டுவந்து போட்ட ஒரு பிடி மணல் போதும், சாய்ந்த டயர் வழுக்கிவிடும். ட்ராக்கில் அதே வளைவு அடுத்த சுற்றிலும் வரும். போன சுற்றில் கற்றதை இந்தச் சுற்றில் திருத்திக்கொள்ளலாம். தெரு அந்த வாய்ப்பைத் தருவதில்லை. வேகத்தில் ஆசையுள்ள பிள்ளை வீட்டில் இருந்தால், அவனையோ அவளையோ திட்டி அடக்குவதைவிட ட்ராக்கில் பயிற்சி தரும் பள்ளியில் சேர்த்துவிடுவதே மேல்.