உங்களுக்குத் தெரியுமா? கறுத்த பழத்துக்கே மவுசு!

தோல் கறுத்து, தூக்கி எறியத் தோன்றும் வாழைப்பழம்தான் சமோவா தீவுகளின் ‘பனிகேகே’ உருண்டைக்கு முதல் தரச் சரக்கு! பச்சைக் காயில் சுமார் 20 சதவீதம் இருக்கும் மாவுச்சத்து, நன்கு கனிவதற்குள் ஒன்றிரண்டு சதவீதமாக இறங்கிவிடும். பெரும்பகுதி சர்க்கரையாகிவிடும்.

• மசித்த பழம், மைதா, கொஞ்சம் சர்க்கரை, பேக்கிங் பவுடர். ஈஸ்ட் சேர்ப்பவர்களும் உண்டு.

• கரண்டி தேவையில்லை. மாவை அள்ளிக் கையை இறுக்கினால் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே உருண்டையாகப் பிதுங்கும்; அப்படியே எண்ணெயில் விட வேண்டியதுதான். போண்டா போட்ட கைக்குச் சொல்லித்தரவா வேண்டும்?

• மிதமான தீ முக்கியம். எண்ணெய் அதிகம் காய்ந்தால் மேலே கருகும், உள்ளே மாவு வேகாது.

• தொட்டுக்கொள்ள ஒன்றும் வேண்டாம். வறுத்து இடித்த கொக்கோ விதையில் கொதிக்கவைத்த ‘கோகோ சமோவா’ ஒரு கோப்பை போதும்.