இருட்டறையில் இளவரசன், கைகொடுத்த டியூஷன் வாத்தியார்: சரபோஜி கதை தெரியுமா?

அப்பாவுக்கு அனல்மின் நிலையத்தில் ஷிஃப்ட், அம்மாவுக்கு கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் வேலை. மீஞ்சூர் பக்கம் இப்படிப்பட்ட வீடுகளில் வசதிக்குக் குறைவிருக்காது; பிள்ளையோடு உட்கார்ந்து பேசத்தான் நேரம் இருக்காது. மனசில் இருப்பதை அது டியூஷன் டீச்சரிடம்தான் கொட்டும். ‘பாடம் நடத்தத்தானே சம்பளம்?’ என்பவர்களுக்கு, 200 ஆண்டுகளுக்கு முந்தைய தஞ்சாவூரில் பதில் இருக்கிறது.

யார் அந்தப் பிள்ளை?

1777-ல் பிறந்த இரண்டாம் சரபோஜி. தஞ்சை மன்னர் துளஜா 1787-ல் சாவதற்குச் சற்று முன்பு இவரைத் தத்தெடுத்தார். ஆனால், அரியணை ஏறியது துளஜாவின் தம்பி முறையான அமர்சிங். சிறுவன் வெளிச்சம் வராத அறையில் அடைக்கப்பட்டான். பெயருக்குத்தான் இளவரசன், சொல்லிக்கொடுக்கக்கூட ஆள் இல்லை.

வாத்தியார் என்ன செய்தார்?

1750-ல் தரங்கம்பாடிக்கு வந்த ஜெர்மன் பாதிரியார் ஸ்வார்ட்ஸ், தமிழும் மராத்தியும் அறிந்தவர். பையனைப் பார்த்துக்கொள்ளச் சொல்லி துளஜாவே அவரிடம் கேட்டிருந்தார். சிறுவன் படும் பாட்டை அவர் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் கொண்டுபோனார். 1793-ல் சரபோஜி பாதுகாப்பாகச் சென்னைக்கு அனுப்பப்பட்டார். அங்கே கெரிக்கே என்ற பாதிரியார் பாடம் சொல்லிக்கொடுத்தார்.

அப்புறம்?

1798 பிப்ரவரியில் ஸ்வார்ட்ஸ் இறந்தார். அதே ஆண்டு சரபோஜி மன்னரானார். சரஸ்வதி மஹால் நூலகத்தைப் பெரிதாக வளர்த்தவர் இவர்தான். லண்டன் சிற்பி ஜான் ஃபிளாக்ஸ்மேனைக் கொண்டு அவர் செய்வித்த பளிங்குச் சிற்பம், தஞ்சை ஸ்வார்ட்ஸ் தேவாலயத்தில் இருக்கிறது. மரணப் படுக்கையில் இருக்கும் வாத்தியாரின் கையை மன்னர் பிடித்திருக்கும் காட்சி அது. கல்லறைக்கு ஆங்கிலத்தில் கவிதையும் அவரே எழுதினார்.

இதில் சிக்கலே இல்லையா?

இருக்கிறது. ஸ்வார்ட்ஸ் கம்பெனிக்கும் வேண்டியவர். அந்தக் கம்பெனிதான் சரபோஜியை அரியணையில் ஏற்றியது. 1799 ஒப்பந்தத்தில் நிர்வாகத்தையும் வாங்கிக்கொண்டது. தனிமையில் வாடும் பிள்ளை, கைநீட்டுபவரை முழுசாக நம்பிவிடும். அந்த நம்பிக்கையை அவர் எப்படிப் பயன்படுத்துகிறார் என்பதுதான் கேள்வி. ஸ்வார்ட்ஸ் மதத்தைப் பரப்ப வந்தவர்தான். ஆனாலும் சரபோஜி கடைசிவரை இந்துவாகவே இருந்தார்.

பெற்றோருக்கு?

டீச்சர் வந்தால் மார்க்கை மட்டும் விசாரிக்காதீங்க. ‘பையன் உங்ககிட்ட என்ன பேசுறான்?’ என்றும் கேளுங்க. யாரிடம் பேசுகிறான் என்பதில் ஒரு கண்ணும் இருக்கட்டும்.