விதைநெல்லுக்குக் காவல்: தாய்ப்பூனையும் குட்டிகளும்

இடம்பெயர்ந்து வந்து கொட்டில் போட்ட சில நாட்களுக்குள் எங்கிருந்தோ ஒரு பூனை வந்து ஒட்டிக்கொள்கிறது. பின்னர் ஒரு நாள் நெற்சாக்குகளின் மறைவில் மூன்று நான்கு குட்டிகளோடு படுத்திருக்கிறது. 'எங்களுக்கே சாப்பாட்டுக்கு வழியில்லை, இதுகளுக்கு எங்கே போவது?' என்று குட்டிகளைச் சாக்கில் கட்டிச் சந்தையடியில் விடுவோரை நாம் கண்டிருக்கிறோம். அவர்களுடைய கஷ்டம் நமக்கு விளங்காததல்ல. ஆனால் கண் திறவாத குட்டி தாயின் சூடும் பாலும் இன்றி நெடுநேரம் உயிர் தாங்காது.

நட்டத்தையும் எண்ணிப் பார்ப்போம். அச்சாக்கில் உள்ள விதைநெல்லே அடுத்த போகத்துக்கான நம்பிக்கை. எலி அதைத் தின்பதோடு நில்லாமல், மூத்திரத்தாலும் புழுக்கையாலும் மிச்சத்தையும் கெடுக்கிறது, எலிக்காய்ச்சலையும் பரப்புகிறது. பூனை எல்லா எலிகளையும் ஒழித்துவிடாது. எனினும் நல்ல காவலாளி. வேட்டையைக் குட்டிகளுக்குப் பழக்குவதும் தாயே.

முதல் தேவை அமைதியான இடம். மழை ஒழுகாத, காற்றுப் படாத மூலையில் ஒரு காட்போட் பெட்டியை வைத்து, பழைய சேலைத் துண்டை விரித்துவிடுங்கள். பிறந்த குட்டி ஏறக்குறைய 100 கிராம் நிறையே இருக்கும். தன் உடற்சூட்டைத் தானே காக்க அதனால் முடியாது. 7 முதல் 14 நாட்களுக்குள் கண் திறக்கும். அதுவரை பிள்ளைகள் அடிக்கடி தூக்கி விளையாட விடவேண்டாம். கடுவன் பூனைகளும் நாய்களும் அண்டாமற் பார்த்துக்கொள்ளுங்கள்.

பால் கொடுக்கும் தாய்க்கு வழமையைவிட இரண்டு மூன்று மடங்கு உணவு தேவைப்படும். மீன் தலை, அவித்த முட்டை, உப்புப் போக ஊறவைத்துக் கழுவிய நெத்தலி ஆகியவற்றைச் சோற்றுடன் பிசைந்து, சிறிது சிறிதாகப் பல தடவை கொடுக்கலாம். சுத்தமான தண்ணீர் எப்போதும் அருகில் இருக்கட்டும். தாய் உண்ணாமல் சோர்ந்து கிடந்தாலோ, முலை கல்லாகிச் சுட்டாலோ கால்நடை வைத்தியரிடம் காட்டுங்கள். மனிதருக்கான பனடோல் பூனைக்கு நஞ்சு. அதைக் கொடுக்கவே கூடாது.

தாயை இழந்த குட்டி குளிர்ந்திருந்தால், முதலில் துணியில் சுற்றிச் சூடேற்ற வேண்டும், பால் பிறகுதான். பசுப்பால் வயிற்றோட்டத்தை உண்டாக்கும். ஆகவே குட்டிகளுக்கான பால்மாவை வைத்தியரிடம் கேட்டுப் பெறுவது நல்லது. குட்டியை மல்லாத்தாமல், வயிறு கீழே இருக்கப் பிடித்துப் பருக்குங்கள். பின்னர் வெந்நீரில் நனைத்துப் பிழிந்த துணியால் அடிவயிற்றை மெதுவாகத் தடவினால்தான் அது சிறுநீர் கழிக்கும்.

நான்கு வாரத்தில் மென்மையான உணவைப் பழக்கலாம். எட்டு வாரத்துக்கு முன் தாயிடமிருந்து பிரிக்கவேண்டாம். பால் கொடுக்கும் காலத்திலேயே பூனை மீண்டும் சினைப்படக்கூடும். எனவே கருத்தடை பற்றியும், விசர்நோய்த் தடுப்பூசி பற்றியும் வைத்தியரிடம் விசாரியுங்கள். பூனை கடித்தாலோ பிறாண்டினாலோ காயத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவி, உடனே வைத்தியசாலைக்குச் செல்லுங்கள். கர்ப்பிணிகள் பூனையின் மலத்தை அள்ளவேண்டாம்.

இருக்கும் இடம் பாதுகாப்பில்லை என்று கண்டால், தாய்ப்பூனை குட்டிகளை ஒவ்வொன்றாகக் கவ்விக்கொண்டு இரவோடிரவாக இடம் மாறும். அந்த அலைச்சல் எத்தகையது என்பதை நமக்கு எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. எட்டு வாரம் பொறுத்திருப்போம். பின்னர் ஒரு குட்டியை நாம் வைத்துக்கொண்டு, மற்றவற்றை நெல் வைத்திருக்கும் அயலவர்க்குக் கொடுப்போம். அவர்களுடைய விதைநெல்லும் காக்கப்படட்டும்.