கயிறு இழுக்கும் எட்டுப் பேரில் நீங்கள் எப்படி?

பள்ளி விளையாட்டுப் போட்டியில் கயிறு இழுக்கும் போட்டி நடக்கிறது. ஒரு பக்கம் எட்டுப் பேர். ஒருவர் தனியாக இழுக்கும்போது காட்டும் பலத்தை 10 என்று வைத்துக்கொள்வோம். எட்டுப் பேர் சேர்ந்தால் 80 கிடைக்க வேண்டும். கணிதம் அப்படித்தான் சொல்கிறது. ஆனால், கயிற்றில் அளவுகருவியைப் பொருத்திப் பார்த்தால் 80 வராது.

இதை முதலில் அளந்து பார்த்தவர் மாக்ஸ் ரிங்கல்மான் என்ற பிரெஞ்சு வேளாண் பொறியியலாளர். 1880-களில் அவர் செய்த சோதனைகளின் முடிவுகள் 1913-இல் வெளிவந்தன. ஆள் கூடக்கூட ஒவ்வொருவரின் பங்கும் குறைந்தது. எட்டுப் பேர் சேர்ந்தபோது ஒருவரின் பங்கு ஏறக்குறைய பாதியாகிவிட்டது. நம் கணக்கில் 80-க்குப் பதில் 40!

எல்லாரும் ஒரே நொடியில் இழுக்காததுதான் காரணமா? அது ஒரு காரணம். ஆனால், அது மட்டுமன்று. 1974-இல் அமெரிக்க ஆய்வாளர்கள் ஒருவரின் கண்ணைக் கட்டி, கயிற்றின் முன்னால் நிறுத்தினார்கள். பின்னால் பலர் இழுப்பதாக அவரை நம்ப வைத்தார்கள். உண்மையில் வேறு யாரும் இழுக்கவில்லை. அப்போதும் அவர் தனியாக இழுத்ததைவிடக் குறைவாகவே இழுத்தார். கூட ஆள் இருக்கிறது என்ற எண்ணமே கையைத் தளர்த்திவிடுகிறது. 1979-இல் பிப் லத்தானே குழுவினர் கைதட்டல், கத்தல் ஆகியவற்றிலும் இதையே கண்டு, ‘சமூகச் சோம்பல்’ என்று பெயரிட்டனர்.

மற்றவர்கள் பக்கத்தில் இருப்பதும், இருப்பதாக நினைப்பதும்கூட நம் சிந்தனையையும் செயலையும் எப்படி மாற்றுகின்றன என்பதை ஆராயும் துறைதான் சமூக உளவியல்.

கண் சொல்வதா, கூட்டம் சொல்வதா?

கூட்டம் நம் கையை மட்டுமன்று, வாயையும் கட்டிப்போடும். சாலமன் ஆஷ் என்ற உளவியலாளர் 1951-இல் வெளியிட்ட சோதனை இதற்குப் புகழ்பெற்ற சான்று. ஓர் அட்டையில் ஒரு கோடு. இன்னோர் அட்டையில் மூன்று கோடுகள். முதல் கோட்டின் நீளத்துக்குச் சமமான கோடு எது? சிறு பிள்ளையும் சொல்லிவிடும். தனியாகப் பதில் எழுதியவர்களிடம் நூற்றுக்கு ஒரு பிழைகூட வரவில்லை.

பிறகு ஒரு மாணவரை ஏழெட்டுப் பேர் நடுவே உட்கார வைத்தார்கள். மற்றவர்கள் எல்லாரும் ஆஷின் ஆட்கள் என்பது அவருக்குத் தெரியாது. அவர்கள் ஒருவர்பின் ஒருவராக ஒரே தவறான பதிலைச் சத்தமாகச் சொன்னார்கள். அடுத்து இவர் முறை. இப்படிச் சோதிக்கப்பட்டவர்களில் நான்கில் மூன்று பேர் ஒரு முறையாவது கூட்டத்தோடு சேர்ந்து தவறான பதிலைச் சொன்னார்கள்!

இதற்கு இரண்டு காரணங்களை உளவியல் கூறுகிறது. ஒன்று, ‘இத்தனை பேர் சொல்கிறார்களே, நான்தான் தவறாகப் பார்க்கிறேனோ?’ என்ற ஐயம். மற்றொன்று, ‘தனியாக நின்றால் சிரிப்பார்களே’ என்ற அச்சம். முதலாவது அறிவைத் தொடுகிறது. இரண்டாவது மனத்தைத் தொடுகிறது.

ஆஷின் இன்னொரு கண்டுபிடிப்பைப் பலர் மறந்துவிடுகிறார்கள். கூட்டத்தில் ஒரே ஒருவர் சரியான பதிலைச் சொன்னால் போதும், தவறுகள் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்காகக் குறைந்தன.

10 வெள்ளியில் ஒரு தோட்டம்

கூட்டம் எப்போதும் மனிதனைத் தளர்த்தத்தான் செய்யுமா? நம் தாத்தா பாட்டி காலத்துத் தோட்ட வரலாறு வேறொரு பதிலைத் தருகிறது.

1950-களில் ஐரோப்பிய நிறுவனங்கள் பல தங்கள் ரப்பர்த் தோட்டங்களை விற்கத் தொடங்கின. வாங்கியவர்கள் அவற்றைச் சிறு துண்டுகளாக்கி விற்றார்கள். இதுதான் ‘தோட்டத் துண்டாடல்’. லயத்து வீடு வேலையோடு சேர்ந்தது. ஆகவே, வேலை போனபோது வீடும் போனது.

1960-இல், அப்போது அமைச்சராகவும் ம.இ.கா. தலைவராகவும் இருந்த வீ.தி. சம்பந்தன் முன்னின்று தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். ஒரு பங்கின் விலை 100 வெள்ளி. அதை மாதம் 10 வெள்ளியாகக் கட்டலாம். தோட்டம் தோட்டமாகச் சென்று அவர் தொழிலாளர்களிடம் பேசினார். 1961-இல் கெடாவில் உள்ள புக்கிட் சிடிம் தோட்டத்தைச் சங்கம் வாங்கியது.

உளவியல் கண்ணோடு இதைப் பாருங்கள். பால்மரம் வெட்டிய ஒரு தொழிலாளி, ‘என் 10 வெள்ளியால் என்ன ஆகப்போகிறது? மற்றவர்கள் கட்டட்டும்’ என்று நினைத்திருக்கலாம். கயிறு இழுத்தவரின் மனநிலையும் அதுதானே? ஆனால், சோம்பலைக் குறைக்கும் வழிகள் அந்தத் திட்டத்திலேயே இருந்தன.

முதலாவது, பங்கு அவரவர் பெயரில் இருந்தது. யார் எவ்வளவு செய்தார் என்பது தெரியும்போது சமூகச் சோம்பல் குறைகிறது என்று 1981-இல் நடந்த சோதனை காட்டியது. இரண்டாவது, நோக்கம் மிக நெருக்கமானது. சொந்த வீடும் வேலையும். 1993-இல் கராவ், வில்லியம்ஸ் ஆகிய இருவரும் 78 ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்தபோது, வேலை பொருளுள்ளதாக இருந்தால் மக்கள் அவ்வளவாகச் சோம்புவதில்லை என்று தெரிந்தது. மூன்றாவது, பக்கத்து வீட்டுக்காரர் பணம் கட்டுவதைப் பார்க்கும்போது, ‘நம்மால் முடியும்’ என்ற எண்ணம் பிறக்கிறது. ஆல்பர்ட் பண்டூரா இதைக் ‘கூட்டுத்திறன் நம்பிக்கை’ என்கிறார்.

ஆஷின் அறையில் ஒரு மாணவரின் வாயை அடைத்ததும் பக்கத்தில் இருந்தவர்கள்தாம். தோட்டத்தில் ஒரு தொழிலாளியைத் துணிய வைத்ததும் பக்கத்தில் இருந்தவர்கள்தாம். சமூகம் மனிதனை உருவாக்குகிறது என்பது பாதி உண்மை. முதலில் 10 வெள்ளியை எடுத்து வைத்த ஒருவர் சமூகத்தை மாற்றினார் என்பது மீதிப் பாதி.

உங்கள் வகுப்பில்…

கழிவறைப் பக்கம் நண்பர்கள் வேப் நீட்டுகிறார்கள். புலனக் குழுவில் ஒரு மாணவியைக் கேலி செய்து படம் போடுகிறார்கள். இருபது பேர் சிரிப்புக் குறி போடுகிறார்கள். அந்த இருபது பேரில் பலருக்கு அது பிடிக்காமல் இருக்கலாம். ஆனால், ஒவ்வொருவரும் மற்ற பத்தொன்பது பேரைப் பார்த்து வாய்மூடி இருக்கிறார்கள். ‘இது சரியில்லை’ என்று ஒருவர் எழுதினால், ஆஷின் சோதனையில் சரியாகப் பதில் சொன்ன அந்த ஒருவர் அவர்தான். நேரில் சொல்லத் தயக்கமாக இருந்தால் ஆசிரியரிடமோ வீட்டுப் பெரியவரிடமோ சொல்லுங்கள்.

செய்து பாருங்கள்

ஒரு கண்ணாடிப் போத்தலில் ரப்பர் கொட்டைகளை எண்ணிப் போடுங்கள். கொட்டை கிடைக்காவிட்டால் பச்சைப் பயறு போதும்.

1. எத்தனை இருக்கும் என்று ஒவ்வொருவரும் யாரிடமும் காட்டாமல் எழுதட்டும்.

2. பிறகு எல்லாரும் கலந்து பேசி ஒரே விடைக்கு வரட்டும்.

3. மீண்டும் ஒவ்வொருவரும் தனியாக எழுதட்டும்.

ஆர்தர் ஜென்னஸ் 1932-இல் அவரை விதைகளைக் கொண்டு இதையே செய்தார். தனித்தனியாக இருந்த விடைகள் குழுவின் விடையை நோக்கி நகர்ந்தன. உங்கள் குழுவில் யார் மாற்றினார்கள், யார் மாற்றவில்லை என்று பட்டியலிடுங்கள். காரணத்தையும் கேளுங்கள்: ஐயமா, அச்சமா?

கெமாஸ் வட்டாரத்தில் பலரின் தாத்தா பாட்டி தோட்டத்தில் வளர்ந்தவர்கள். இந்த வாரம் அவர்களிடம் ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள்: தோட்டத்தில் எல்லாரும் சேர்ந்து செய்த ஒரு காரியத்தை முதலில் தொடங்கியவர் யார்? அவர் தொடங்கியபோது மற்றவர்கள் என்ன சொன்னார்கள்?